வேடம் போடும் உரிமை: மார்த்தாண்ட வர்மாவும் ரோசியும்



இந்த ஆண்டு நினைவுச் சொற்பொழிவுக்கு என்னை அழைத்தபோது, பேசாப்படத்தைப் பற்றிப் பேசுகிறேன் என்றேன். தோழர்கள் சற்றுத் தயங்கினார்கள். பஞ்சமி நிலம், மலக்குழி மரணம், ஆணவக் கொலை என்று பேசவேண்டியவை குவிந்து கிடக்கும்போது தொண்ணூறு ஆண்டுக்கு முந்தைய ஊமைப்படம் எதற்கு என்ற கேள்வி நியாயமானதுதான். அதற்கான பதிலை என் பள்ளிக்கூடத்திலிருந்து தொடங்குகிறேன்.

நான் ஐந்தாம் வகுப்புப் படித்தபோது ஆண்டு விழாவுக்குக் கட்டபொம்மன் நாடகம் போட்டார்கள். ஜக்கம்மா வேடம் எனக்கு வேண்டும் என்று கேட்டேன். வசனம் முழுவதும் மனப்பாடம். டீச்சரும் ஒருமுறை ஒப்பிக்கச் சொல்லிக் கேட்டார். நன்றாகச் சொல்கிறாய் என்றார். மறுநாள் வேடம் வேறொரு பிள்ளைக்குப் போய்விட்டது. ஏன் டீச்சர் என்றேன். "ஜக்கம்மாவுக்குப் பட்டுச்சேலை பெரிய வீட்டுல இரவல் வாங்கியிருக்கோம்மா. நீ கட்டுனா திருப்பிக் குடுக்க முடியாதுல்ல" என்றார். கோபமாகச் சொல்லவில்லை, அன்பாகத்தான் சொன்னார். எனக்குக் 'குடிமக்கள்' கூட்டத்தில் நிற்கும் வேலை. அந்த நாடகத்தில் வெள்ளைக்காரனை எதிர்த்து எல்லோரும் முழங்கினோம். சுந்தரலிங்கம் என்றொரு பாத்திரம் அந்த நாடகத்தில் இல்லவே இல்லை.

அந்நியரை எதிர்க்கும் கதையில் யார் எந்த வேடத்தைப் போடலாம் என்பதை யார் முடிவு செய்கிறார்கள்? இந்தக் கேள்விக்கு விடை தேடிப் போனபோது, நம் தெற்கெல்லையில் எடுக்கப்பட்ட ஒரு பேசாப்படத்தில் வந்து நின்றேன். படத்தின் பெயர் 'மார்த்தாண்ட வர்மா'.

நாவலும் படமும்

'மார்த்தாண்ட வர்மா' சி.வி. இராமன் பிள்ளை எழுதிய மலையாள நாவல். 1891-இல் வெளிவந்தது. மலையாளத்தின் முதல் வரலாற்று நாவல் என்று போற்றப்படுவது. கதை நடப்பது 1720-களின் கடைசியில். திருவிதாங்கூரின் வயதான அரசர் இராம வர்மா சாகக் கிடக்கிறார். மருமக்கள்தாய முறைப்படி அரசுரிமை மருமகன் மார்த்தாண்ட வர்மாவுக்கு. அரசரின் மகன் பத்மநாபன் தம்பி அதைத் தனக்கு வேண்டும் என்கிறான். எட்டுவீட்டுப் பிள்ளைமார் என்ற நாயர் பிரபுக்கள் மகன் பக்கம் நிற்கிறார்கள். இளவரசன் உயிருக்குப் பயந்து ஊர் ஊராக ஓடுகிறான். கடைசியில் எதிரிகளை அழித்து முடி சூடுகிறான்.

மதுரைக்காரர்களான நமக்கும் இந்தக் கதையில் ஒரு பங்கு உண்டு. பிரபுக்களை அடக்க முடியாத திருவிதாங்கூர் அரசு 1726-இல் மதுரை நாயக்கரோடு திருச்சிராப்பள்ளியில் உடன்படிக்கை செய்துகொண்டு, இங்கிருந்து குதிரைப் படையும் காலாட்படையும் வாங்கியது. நாவலிலும் பூதப்பாண்டியில் தங்கியிருக்கும் மதுரைப் படை வருகிறது.

இதை ஏன் காலனிய எதிர்ப்புக் கதையாக வாசித்தார்கள்? நாவல் மார்த்தாண்ட வர்மா அரசனாவதோடு நின்றுவிடுகிறது. ஆனால் வாசகருக்கு அடுத்து நடந்தது தெரியும். 1741 ஆகஸ்ட் 10 அன்று குளச்சலில் டச்சுப் படையை அந்த அரசன் தோற்கடித்தான். ஐரோப்பிய வல்லரசு ஒன்றை ஆசிய அரசன் ஒருவன் போரில் வென்ற அரிய நிகழ்ச்சி என்று அது இன்றும் பேசப்படுகிறது. இன்றைய குமரி மாவட்டத்துக் குளச்சலில் அதற்கு வெற்றித் தூண் நிற்கிறது. வெள்ளைக்கார ரெசிடென்ட் திருவனந்தபுரத்தில் உட்கார்ந்து அரசருக்கு அறிவுரை சொல்லிக்கொண்டிருந்த காலத்தில் வெளிவந்த நாவல் இது. வெள்ளையனை வென்ற அரசன் எப்படி உருவானான் என்று சொல்லும் கதைக்குத் தனி மதிப்பு இருந்தது.

இன்னொரு செய்தியையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். நாவல் வந்த அதே 1891-இல்தான் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்ட 'மலையாளி மெமோரியல்' அரசரிடம் கொடுக்கப்பட்டது. அதன் பின்னணியில் நின்றவர்களுள் சி.வி.யும் ஒருவர். அரசு வேலைகளை வெளியூர்த் தமிழ்ப் பிராமணர்கள் பிடித்துக்கொண்டார்கள், மண்ணின் மைந்தர்களுக்குத் தாருங்கள் என்பது கோரிக்கை. ஈழவர்களும் அதில் கையெழுத்திட்டார்கள். ஆனால் பலன் அவர்களை எட்டவில்லை. ஐந்தாண்டு கழித்து, 1896-இல், டாக்டர் பல்பு தலைமையில் 13,176 ஈழவர்கள் தனியாக ஒரு விண்ணப்பம் கொடுக்க வேண்டியதாயிற்று. புலையரும் பறையரும் கையெழுத்துப் போடும் இடத்திலேயே இல்லை. 'அந்நியர்' யார் என்று அறிவதில் கூர்மையாக இருந்த கண், உள்ளே அந்நியமாக்கப்பட்டவர்களைப் பார்க்க மறுத்தது.

இந்த நாவலைப் படமாக்கியவர் நாகர்கோவிலைச் சேர்ந்த ஆர். சுந்தர்ராஜ். இயக்கியவர் பி.வி. ராவ். தமிழில் 'வள்ளி திருமணம்' (1933) எடுத்தவரும் அவரே. 'மார்த்தாண்ட வர்மா'வும் 1933-இல் திருவனந்தபுரம் கேப்பிடல் திரையரங்கில் திரையிடப்பட்டது. 1931 அக்டோபரில் 'காளிதாஸ்' வந்து படங்கள் பேசத் தொடங்கிவிட்டன. ஆக, பேசாப்படக் காலத்தின் வாசலை மூடிவிட்டுப் போன படங்களில் இதுவும் ஒன்று.

படத்தின் தொடக்கத்தில் செய்திப்படம் போல ஒரு பகுதி வருகிறது. அன்றைய அரசர் சித்திரைத் திருநாளின் ஆறாட்டு ஊர்வலம் அது. பேசாப்படத்தில் இடையிடையே எழுத்து அட்டைகள் காட்டுவார்கள் அல்லவா? இந்தப் படத்தின் அட்டைகள் சில நாவலின் வாசகங்களையே எடுத்தாள்கின்றன. ஆறாட்டு ஊர்வலத்துக்கான அட்டைகளோ சுதேசி இயக்கத்தைக் குறிப்பிடுகின்றன. அதாவது, இருநூறு ஆண்டுக்கு முந்தைய அரசனின் கதையை எடுத்தவர்கள், அதைத் தம் காலத்து விடுதலை உணர்வோடு முடிச்சுப் போட்டுத்தான் எடுத்தார்கள்.

அந்த ஊர்வலத்தை நாம் எப்படிப் பார்ப்பது? அரசர் வாளேந்தி நடக்க, பத்மநாபசுவாமி கடலாடப் புறப்படுகிறார். அந்தக் கோயிலுக்குள் நுழைய நம்மவர்களுக்கு அப்போது உரிமை இல்லை. ஆலயப் பிரவேசப் பிரகடனம் 1936 நவம்பர் 12 அன்றுதான் வருகிறது. அதையும் வெளியிட்டவர் இதே சித்திரைத் திருநாள்தான். நம் மீனாட்சியம்மன் கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் தலைமையில் தும்பைப்பட்டிக் கக்கன் உள்ளிட்டோர் நுழைந்தது 1939 ஜூலை 8. ஆக, சுதேசி என்ற சொல்லோடு திரையில் ஓடிய அந்த ஊர்வலத்தின் கோயில், நாட்டின் ஒரு பகுதி மக்களுக்குப் பூட்டியே கிடந்தது.

வழக்கு காப்பாற்றிய படம்

படம் சில நாள்களே ஓடியது. நாவலின் உரிமை திருவனந்தபுரத்துக் கமலாலயா புத்தக டிப்போ என்ற பதிப்பகத்திடம் இருந்தது. எங்கள் அனுமதி இல்லாமல் எடுத்துவிட்டீர்கள் என்று அவர்கள் வழக்குத் தொடுத்தார்கள். படச்சுருள் பறிமுதல் செய்யப்பட்டது. இலக்கியப் படைப்பின் பதிப்புரிமைக்காக இந்தியத் திரைப்படம் ஒன்று நீதிமன்றம் ஏறிய முதல் வழக்கு என்று இதைச் சொல்வார்கள். சுந்தர்ராஜ் பணத்தை இழந்தார்.

ஆனால் வழக்கால் ஒரு விநோதமும் நடந்தது. படச்சுருள் பல பத்தாண்டுகள் அந்தப் பதிப்பகத்தாரிடமே கிடந்தது. 1974-இல் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பெற்றுக்கொண்டது. இந்தியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பேசாப்படங்கள் எடுக்கப்பட்டன. மிஞ்சியவை மிகச் சொற்பம். நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' இல்லை. 'காளிதாஸ்' கூட இல்லை. தெற்கே மிஞ்சிய மிகச் சில பேசாப்படங்களுள் 'மார்த்தாண்ட வர்மா' ஒன்று. பறிமுதல் ஆகாமல் இருந்திருந்தால், ஊர் ஊராக ஓடித் தேய்ந்து அதுவும் மண்ணாகியிருக்கும்.

பிலிப்பைன்ஸ் நாட்டில் ஹோசே ரிசால் 1887-இல் 'நோலி மே தாங்கெரே' என்ற நாவலை எழுதினார். ஸ்பானிய ஆட்சியையும் பாதிரிமாரின் கொடுமையையும் அம்பலப்படுத்திய நாவல். 1896-இல் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அந்த நாவலை 1930-இல் ஹோசே நெபொமுசேனோ பேசாப்படமாக எடுத்தார். அடிமைப்பட்ட நாடுகள் தங்கள் நாவல்களைத் திரைக்குக் கொண்டுவரத் துடித்த காலம் அது. நம் பக்கத்துக் கதையையும் அந்த வரிசையில் வைத்துப் பார்க்கலாம். பார்க்கும்போதே, உள்ளே என்ன இருக்கிறது என்றும் கேட்கலாம்.

சாணார் வேடம் போட்ட நாயகன்

இப்போது கதையின் உள்ளே போவோம். நாவலின் உண்மையான சாகசக்காரன் இளவரசன் அல்ல, அனந்தபத்மநாபன். நாயர் பிரபு குடும்பத்து இளைஞன். தம்பியின் ஆட்கள் அவனைக் காட்டில் வெட்டிப் போட்டார்கள், செத்துவிட்டான் என்றே ஊர் நம்புகிறது. அவன் பிழைத்துக்கொண்டு மாறுவேடங்களில் உலவி இளவரசனைக் காக்கிறான். அந்த வேடங்களுள் முக்கியமானது 'பிராந்தன் சாந்நான்', அதாவது பைத்தியக்காரச் சாணார். பலா மரப் பொந்துக்குள் ஒளிந்துகொள் என்று இளவரசனுக்குச் சொல்லி உயிர் காப்பது அந்தப் பைத்தியக்காரச் சாணார்தான்.

சாணார் என்று அன்று அழைக்கப்பட்ட நாடார் சமூகத்துக்குத் திருவிதாங்கூரில் இருந்த நிலை உங்களுக்குத் தெரியும். பெண்கள் மார்பை மறைக்கும் உரிமைக்காக அரை நூற்றாண்டு போராடி, 1859-இல்தான் அரசாணை பெற்றார்கள். அதற்கும் பிறகு முப்பதாண்டு கழித்து எழுதப்பட்ட நாவலில், உயர்சாதி நாயகன் ஒளிந்துகொள்ளச் சாணார் உடல் பயன்படுகிறது. ஏன் அந்த உடல்? யாரும் நின்று முகத்தைப் பார்க்காத உடல் அது. தள்ளிப் போ என்று சொல்லிவிட்டு எல்லோரும் கடந்துபோகும் உடல். அதிலும் பைத்தியம் என்றால் கேட்கவே வேண்டாம். தீண்டாமையை நாவலாசிரியர் கதைக்கு வேண்டிய நல்ல மறைவிடமாக மாற்றிக்கொண்டார்.

கடைசியில் வேடம் கலைகிறது. அந்தச் சாணார் ஒரு நாயர் பிரபு என்று தெரிகிறது. வாசகனுக்கு மகிழ்ச்சி, ஒருவேளை நிம்மதியும்கூட. இளவரசனைக் காப்பாற்றிய அறிவும் வீரமும் 'சரியான' உடலுக்குத் திரும்பிவிட்டன அல்லவா? குமரி மாவட்டத்தில் மார்த்தாண்ட வர்மாவுக்குத் துணை நின்ற அனந்தபத்மநாபன் நாடார் என்ற போர்வீரரைப் பற்றி நாடார் மக்களிடையே வழக்காறு இருக்கிறது. மக்கள் நினைவில் சாணாராகவே இருக்கும் வீரன், நாவலில் சாணார் வேடமிட்ட நாயராக இருக்கிறான். இரண்டில் எது வரலாறு என்று தீர்ப்பளிக்க நான் இங்கே வரவில்லை. எந்தக் கதை அச்சேறியது, எந்தக் கதை திரையேறியது, எந்தக் கதை வாய்மொழியாகவே நின்றது என்பதைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

அயோத்திதாசப் பண்டிதர் 'வேஷ பிராமணர்' என்ற கருத்தை முன்வைத்தார். உயர்வு என்று நாம் காண்பது பிறப்பால் வந்ததல்ல, வேடத்தால் வந்தது என்று வாதிட்டார். அந்தச் சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு இந்த நாவலைப் படித்தால், வேடம் என்பது வெறும் கதைத் தந்திரம் இல்லை என்று புரியும். மேலிருப்பவன் கீழே வேடம் போட்டால் தியாகம், சாகசம். கீழிருப்பவர் மேலே வேடம் போட்டால் என்ன ஆகும்? அதற்கும் பதில் இருக்கிறது. அதே கேப்பிடல் திரையரங்கில், சில ஆண்டுகளுக்கு முன்பே கிடைத்த பதில்.

நாயர் வேடம் போட்ட நாயகி

சுந்தர்ராஜின் உறவினர் ஜே.சி. டேனியல். அகஸ்தீஸ்வரத்து நாடார் கிறித்தவக் குடும்பத்தவர். களரிப் பயிற்சி பெற்றவர். நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ஸ்டுடியோ தொடங்கி, மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' எடுத்தார். படம் வந்த ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இருவிதமாகப் பதிவாகியிருக்கிறது. நாயகியாக நடிக்கக் குடும்பப் பெண்கள் யாரும் முன்வராத காலம். புல்லறுத்துப் பிழைத்துக்கொண்டே காக்காரிசி நாடகத்தில் நடித்துவந்த பி.கே. ரோசி என்ற புலையர் குலப் பெண்ணை டேனியல் அழைத்துவந்தார். படத்தில் அவருக்கு நாயர்ப் பெண் வேடம்.

கேப்பிடல் திரையரங்கில் முதல் காட்சி. ரோசி அரங்குக்கு வந்தால் படத்தைத் தொடங்கிவைக்க மாட்டேன் என்று சிறப்பு விருந்தினராக வந்த பிரமுகர் சொன்னதாகக் கூறப்படுகிறது. நாயகன் அவர் தலையில் சூடிய பூவை எடுத்து முத்தமிடும் காட்சி வந்ததும் கூச்சல் எழுந்தது. கல் பறந்தது. திரை கிழிந்தது. ரோசியின் குடிசைக்குத் தீ வைத்தார்கள். தமிழகம் நோக்கிப் போன ஒரு லாரியில் ஏறி அவர் தப்பினார். லாரி ஓட்டுநர் கேசவ பிள்ளையை மணந்து, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார். நடிகை என்ற அடையாளத்தை வெளியே காட்டாமலே வாழ்ந்தார்.

தோழர்களே, ஒரே திரையரங்கு. ஏறத்தாழ ஒரே காலம். தயாரித்தவர்களும் உறவினர்கள். ஒரு படத்தில் நாயர் நாயகன் சாணார் வேடம் போடுகிறான், யாரும் கல்லெறியவில்லை. இன்னொரு படத்தில் புலையர்ப் பெண் நாயர் வேடம் போடுகிறார், வீடு எரிகிறது. திரையில் சற்று நேரம் போட்ட வேடத்துக்குக் கல்லெறிந்த சமூகம், மிச்ச வாழ்நாள் முழுவதும் அவரை இன்னொரு வேடத்திலேயே வாழவைத்தது.

கா. சிவத்தம்பி சொன்ன ஒரு கருத்தை நாம் அடிக்கடி எடுத்தாளுவோம். தமிழர்கள் எல்லாச் சாதியினரும் ஒரே கூரையின் கீழ் அமர்ந்து கலை பார்த்த முதல் இடம் திரையரங்கு, அங்கே இருக்கையைத் தீர்மானித்தது சாதியல்ல, கையிலிருந்த காசு என்பார் அவர். உண்மைதான். மதுரைச் சுற்றுவட்டார டூரிங் டாக்கீஸில் மணலைக் குவித்து உட்கார்ந்து படம் பார்த்த நம் தாத்தா பாட்டிகளுக்கு அது பெரிய விடுதலை. ஆனால் ரோசியின் கதை அந்தக் கருத்தின் மறுபாதியைச் சொல்கிறது. திரைக்கு இந்தப் பக்கம் உட்காரக் காசு போதும். திரைக்கு அந்தப் பக்கம் நிற்கக் காசு போதாது.

உலகம் முழுக்க இப்படித்தான். அமெரிக்காவில் 1915-இல் கிரிஃபித் எடுத்த 'ஒரு தேசத்தின் பிறப்பு' என்ற பேசாப்படமும் நாவலிலிருந்து வந்ததுதான். அதில் முக்கியக் கறுப்பர் பாத்திரங்களை வெள்ளையர்களே முகத்தில் கரி பூசி நடித்தார்கள். நம் தமிழிலும் 'நந்தனார்' படங்கள் வந்தன. 1935-இல் கே.பி. சுந்தராம்பாளும் 1942-இல் தண்டபாணி தேசிகரும் நந்தனாராக நடித்தார்கள். நம் வேடத்தை மற்றவர்கள் போட்டார்கள், மனமுருகிப் பாடினார்கள், ரசிகர்கள் அழுதார்கள். அந்த நடிப்பையோ பாட்டையோ நான் குறை சொல்லவில்லை. நந்தனாராக நடிக்க ஒரு சேரிக்காரரை ஏன் யாருக்கும் தோன்றவில்லை என்றுதான் கேட்கிறேன்.

வென்ற அரசனின் நாட்டில்

காலனிய எதிர்ப்பு என்ற பெருமைக்குத் திரும்புவோம். குளச்சல் வெற்றியை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் அந்த அரசின் முழுக் கணக்கையும் வைக்க வேண்டும். 1723-லேயே, இளவரசனாக இருந்தபோதே, ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியோடு உடன்பாடு செய்தவர் மார்த்தாண்ட வர்மா. டச்சுக்காரரை வென்ற கையோடு அவர்களது தளபதி டிலனாயைச் சிறைபிடித்து, தன் படைக்கே பயிற்சி தர வைத்தார். பிள்ளைமாரை ஒழித்த பின் அவர்களது பெண்களையும் குழந்தைகளையும் கடற்கரை மீனவர்களிடம் கொடுத்ததாகச் சொல்வார்கள். 'துறையேற்றம்' என்று அதற்குப் பெயர். இதை யோசித்துப் பாருங்கள். மேல்சாதியாருக்கு அரசு கண்டுபிடித்த உச்சகட்டத் தண்டனை, உழைக்கும் மக்களோடு வாழ்வது. மீனவரின் வீடே சிறைச்சாலை என்றால், அந்த வீட்டில் பிறந்தவர்கள் செய்த குற்றம் என்ன?

1750-இல் அரசர் நாட்டையே பத்மநாபசுவாமிக்கு எழுதிக் கொடுத்தார். அந்தப் புனித நாட்டில் புலையரும் பறையரும் நிலத்தோடு சேர்த்து வாங்கி விற்கப்பட்டார்கள். அடிமை முறை ஒழிப்பு 1855-இல்தான் வந்தது. பொதுச்சாலையில் அய்யன்காளி வில்லுவண்டி ஓட்டிப் போக 1893 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நாவல் வெளிவந்து இரண்டே ஆண்டுகள்! சி.வி. வாழ்ந்த திருவனந்தபுரத்துக்குப் பக்கத்திலேயே ஓடிய வண்டி அது. காலனிய எதிர்ப்பு என்றால் எனக்கு அந்த வில்லுவண்டியும் சேர்த்துத்தான். அதன் மேல் நாவல் வரவில்லை, பேசாப்படமும் வரவில்லை.

இதெல்லாம் திருவிதாங்கூர் கதை, நமக்கென்ன என்று இருக்க முடியாது. 1997-இல் விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்ட போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயரை அரசு வைத்தது. கட்டபொம்மனோடு நின்று வெள்ளையரை எதிர்த்த வீரன். அந்தப் பெயர் எழுதிய பேருந்தில் ஏற மாட்டோம் என்று ஆதிக்கச் சாதியினர் மறுத்தார்கள். கலவரம் மூண்டது. உயிர்கள் போயின. முடிவில் எல்லாப் போக்குவரத்துக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் தலைவர்களின் பெயர்களையே அரசு நீக்கிவிட்டது. நம் ஆள் ஒருவன் விடுதலை வீரன் என்ற வேடத்தோடு பேருந்தின் நெற்றியில் நிற்பதைத் தாங்க முடியாமல், எல்லோர் பெயரையும் அழித்தார்கள். கேப்பிடல் திரையரங்கில் கிழிந்த திரைக்கும் இதற்கும் இடையே எழுபதாண்டுகூட இல்லை.

எது மிஞ்சியது

ரோசி நடித்த 'விகதகுமாரன்' படத்தின் ஒரு சட்டகம்கூட இன்று இல்லை. டேனியல் கடனாளியாகி, 1975-இல் அகஸ்தீஸ்வரத்தில் மறைந்தார். பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் தேடி எழுதியதால் டேனியல் வெளிச்சத்துக்கு வந்தார். குன்னுகுழி எஸ். மணி போன்றவர்கள் விடாமல் தேடியதால் ரோசி வெளிச்சத்துக்கு வந்தார். பிறகு நாவல் வந்தது, 2013-இல் 'செல்லுலாய்ட்' படம் வந்தது. இன்று சென்னையில் ஆண்டுதோறும் பி.கே. ரோசி பெயரில் திரைப்பட விழா நடக்கிறது. நம் பிள்ளைகள் எடுத்த படங்கள் அந்தப் பெயரின் கீழ் ஓடுகின்றன.

அரசனின் கதைக்கு உரிமை கோரப் பதிப்பகம் இருந்தது, பறிமுதல் செய்ய நீதிமன்றம் இருந்தது, பூட்டி வைக்க இடம் இருந்தது, கடைசியில் வாங்கிப் பாதுகாக்கக் காப்பகமும் இருந்தது. ரோசிக்கு இவற்றுள் எதுவும் இல்லை. அவர் எரிந்த குடிசையிலிருந்து உயிரைத்தான் எடுத்துக்கொண்டு ஓட முடிந்தது. ஆவணம் என்பது தானாக மிஞ்சுவதில்லை. யாருடைய பொருளுக்குச் சமூகம் பெட்டியும் பூட்டும் கொடுத்ததோ, அவர்களுடையது மிஞ்சுகிறது.

நான் முதுகலை படிக்க மதுரைக்கு வந்தபோது அறை தேடி அலைந்தேன். "நீங்க என்ன ஆளுக?" என்று வீட்டுக்காரம்மா கேட்டார். கூட வந்த தோழி சட்டென்று ஒரு சாதிப் பெயரைச் சொன்னாள். நான் மறுக்கவில்லை. அறை கிடைத்தது. இரண்டு ஆண்டு அந்த வேடத்தில் இருந்தேன். அப்பா பார்க்க வந்தால் பேருந்து நிலையத்திலேயே சந்தித்துவிட்டு அனுப்பிவிடுவேன். தெருப் பெயரைச் சொல்லிவிடுவாரோ என்ற பயம். ரோசியைப் பற்றி முதன்முதலாகப் படித்த இரவு, எனக்கு நினைவுக்கு வந்தது சினிமா அல்ல, பேருந்து நிலையத்தில் டீ குடித்துவிட்டுத் திரும்பிப் போன அப்பாவின் முதுகு. இங்கே உட்கார்ந்திருக்கிறவர்களில் எத்தனை பேருக்கு இப்படி ஒரு வேடம் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். கை தூக்கச் சொல்ல மாட்டேன்.

அதனால் ஒரு வேண்டுகோளோடு முடிக்கிறேன். நம் ஊர்களில் டூரிங் டாக்கீஸில் படம் ஓட்டியவர்கள், போஸ்டர் ஒட்டியவர்கள், மாட்டுவண்டியில் ஏறித் தமுக்கடித்துப் படத்துக்கு விளம்பரம் சொன்னவர்கள், ஸ்பெஷல் நாடகத்தில் வேடம் கேட்டு மறுக்கப்பட்டவர்கள், மறுப்பை மீறி வேடம் போட்டவர்கள் இன்னும் சிலர் உயிரோடு இருக்கிறார்கள். அவர்கள் வீட்டுப் பரணில் ஒரு நோட்டீஸ், ஒரு புகைப்படம், ஒரு சலங்கை இருக்கலாம். அடுத்த ஆண்டு நினைவுச் சொற்பொழிவுக்குள் பேரவை ஊருக்கு இருவரை அனுப்பி அவர்கள் சொல்வதைப் பதிவு செய்யட்டும், அந்தப் பொருள்களைப் படமெடுத்து வைக்கட்டும். கைப்பேசி போதும், பெரிய செலவில்லை. மேலூர் வட்டத்துக்கு நான் போகிறேன், என்னோடு வர ஒருவர் வேண்டும்.

ஜக்கம்மாவின் வசனம் எனக்கு இன்னும் மனப்பாடம். என் மகளுக்கும் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். சேலை நம்முடையதுதான்.

ஜெய்பீம்.